கௌரி சட்டை போட்டுக்கொண்டு வந்த காலை

கங்கம்மா தாய் கண் திறந்ததால் எழுந்து உட்கார்ந்து இதை எழுதுகிறேன். பாரம் தூக்கக் கூடாது, குனியக் கூடாது என்று டாக்டரம்மா நிறையச் சொல்லி அனுப்பினார். பேனா பிடிக்கக் கூடாது என்று சொல்லவில்லை. எங்கள் பாலசமுத்திரம் பக்கத்துப் பெண்கள் ஒவ்வொருத்தியாக வந்து கேட்கிறார்கள். கத்தி போட்டது வலித்ததா, எத்தனை நாள் பட்டினி போட்டார்கள், கடைசியில் குரலைத் தாழ்த்தி, “கௌரிதான் கூட இருந்துச்சாமே?” சொல்லிச் சொல்லிக் களைத்துவிட்டேன். எட்டாவது வரை படித்தவள் நான். தெரிந்த மாதிரி எழுதி வைக்கிறேன். இனி வருகிறவர்கள் படித்துக்கொள்ளட்டும்.

கௌரி என் மூத்த பிள்ளை. ஆண் பிள்ளை என்று நினைத்து வளர்த்தோம். இப்போது அவள் கௌரி, திருநங்கை. நாங்கள் வைத்த பழைய பெயரை இங்கே எழுத மாட்டேன். அவளுக்கு அது பிடிக்காது. இளையவன் முரளி, சித்தூரில் மெக்கானிக் வேலை செய்கிறான்.

என் உடம்புக்கு வந்தது இது. மாதவிலக்கு நிற்கிற வயதில் நிற்காமல், பெருக ஆரம்பித்தது. கரும்புக் கொல்லையில் நிற்கும்போது கண் இருட்டும். வயதானால் வருகிற கோளாறு என்று கஷாயம் குடித்துக்கொண்டு இருந்தேன். ஒருநாள் கோயில் படியிலேயே விழுந்தேன். என் வீட்டுக்காரர் பஸ்ஸில் சித்தூருக்கு அழைத்துப் போனார். அங்கே ஸ்கேன் எடுக்க வேண்டும் என்று வயிறு முட்டத் தண்ணீர் குடிக்கச் சொல்லி, பிறகு பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்கள். என்னைப் போல வயிற்றைப் பிடித்துக்கொண்டு பத்துப் பெண்கள். யாரும் பேசவில்லை. எல்லோருக்கும் ஒரே அவசரம்.

டாக்டரம்மா தெலுங்கில் நிதானமாகச் சொன்னார். கர்ப்பப்பையில் கட்டிகள் இருக்கின்றன. புற்று மாதிரித் தெரியவில்லை, நார் நாராகத் திரண்ட சதை. அதனால்தான் ரத்தம் நிற்கவில்லை. பையையே எடுத்துவிட வேண்டும். எடுத்த பிறகு ஒரு துண்டைப் பரிசோதனைக்கு அனுப்பிப் பார்த்தால்தான் புற்று இல்லை என்று நிச்சயமாகச் சொல்ல முடியும். என் உடம்பில் ரத்தம் பாதிதான் இருக்கிறதாம், அதை ஏற்றிய பிறகே கத்தி வைப்பார்களாம். திருப்பதிக்குப் போங்கள் என்று சீட்டுக் கொடுத்தார்.

‘தெரியவில்லை’ என்று அவர் சொன்னது வீடு வரும் வரை காதில் இருந்தது. ஒரு சொல் மட்டும் அப்படித் தங்கிவிடுகிறது.

வீட்டுக்கு வந்த உடனே என் நாத்தனார் காந்தா பிடித்துக்கொண்டாள். “அண்ணி, நான் அப்பவே சொன்னேன். அந்த வேஷம் எறக்காம கெடக்குது. அம்மா வேற எங்க போவா? உன் வயித்துலதான் குந்திக்கினா.”

இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். திருப்பதியில் கங்கம்மா ஜாத்திரை நடக்கும்போது ஆண்கள் சேலை கட்டி, பூ வைத்து, அம்மன் வேஷம் போட்டு வேண்டுதல் தீர்ப்பார்கள். கௌரிக்குச் சின்ன வயதில் அம்மை போட்டு உயிர் ஊசலாடியபோது, பிழைத்தால் உனக்கு வேஷம் கட்டுகிறோம் தாயே என்று நான்தான் வேண்டிக்கொண்டேன். எங்கள் குடும்ப வழக்கத்தில், வேஷம் கட்டினவர் கோயில் வாசலிலேயே அதைக் கழற்ற வேண்டும். பெற்றவர்கள் தலையில் மஞ்சள் தண்ணீர் ஊற்றினால்தான் வேஷம் இறங்கியதாகக் கணக்கு. கௌரி பத்தாவது படித்த வருஷம் வேஷம் கட்டினோம். சரியான மழை. கூட்டத்தில் தண்ணீர்ச் சொம்பும் எங்கேயோ போயிற்று. சேலையோடேயே பஸ் ஏற்றிக் கூட்டி வந்துவிட்டோம். அன்றைக்கு அந்த முகத்தில் இருந்த வெளிச்சத்தை அம்மனின் வெளிச்சம் என்றுதான் நாங்கள் நினைத்தோம்.

பிறகு படிப்பை முடித்து, ‘நான் பொண்ணு’ என்று சொல்லி, வீட்டில் இருக்க முடியாமல் திருச்சானூர் போனாள். அவள் நைனா, என் வீட்டுக்காரர், அவளோடு பேசுவதை விட்டார். காந்தாவுக்கு எல்லாவற்றுக்கும் ஒரே காரணம்தான், இறக்காத வேஷம். எனக்கும் அது உண்மையாகவே பட்டது. வெள்ளிக்கிழமை திருச்சானூர் தாயாரைச் சேவிக்கப் போகும்போதெல்லாம் கோயில் பக்கத்தில் கௌரியைப் பார்ப்பேன். பூ வாங்கிக் கொடுப்பாள். பேசுவோம். பஸ் ஏறும்போது, தாயே இந்த வேஷத்தை எப்படியாவது இறக்கு என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டே வருவேன்.

திருப்பதி ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். பெரிய வார்டு. பெண்கள் வார்டில் துணைக்குப் பெண்தான் இருக்கலாம் என்றார்கள். காந்தாவுக்குக் கரும்பு வெட்டு. எனக்கு வேறு யார் இருக்கிறார்கள்? வராந்தாவில் நின்றுகொண்டு முரளி யாரிடமும் கேட்காமல் போன் போட்டான். அவன் நைனா காதில் விழுந்தும் விழாத மாதிரி சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். கௌரி ஷேர் ஆட்டோ பிடித்து, ஒரு பையோடு வந்தாள். நர்சம்மா அவளை ஒரு தடவை மேலும் கீழும் பார்த்தார். “கூதுரா?” என்று தெலுங்கில் கேட்டார். மகளா என்று அர்த்தம். நான் வாயைத் திறப்பதற்குள் கௌரியே “அவுனு மேடம்”, ஆமாம் என்று சொல்லிவிட்டாள்.

பக்கத்துக் கட்டிலில் முனெம்மா. ராமகுப்பத்துக்காரி, பட்டுப்புழு வளர்க்கிறவள். அவளுக்கும் கர்ப்பப்பைக் கோளாறுதான். வாய் ஓயாது.

“யாரு சரோஜா, உன் பெரிய பொண்ணா? நல்ல ஒசரம். இன்னும் கண்ணாலம் ஆவலியா?”

கௌரி தண்ணீர் பிடிக்கப் போன பிறகு, மெல்ல விஷயத்தைச் சொன்னேன்.

“தெரியும் போ. கொரலு கேட்டப்பவே தெரியும்” என்றாள் முனெம்மா. “எனக்கு இன்னா? என் பொண்ணு காலைல வந்து எட்டிப் பாத்துட்டுப் போயிக்கினே கீறா. உன்னுது உன் துணிய தொவைக்குது.”

அது உண்மை. அந்த ரத்தத் துணியை நானே தொடக் கூசுவேன். கௌரி வாளியில் எடுத்துப்போய் உப்புப் போட்டு அலசிக் காயவைத்தாள். தலை பின்னிவிட்டாள். திருச்சானூரில் லாட்ஜுகளுக்குப் பின்னால் ஒரு வீட்டில் திருநங்கைகள் நாலைந்து பேர் சேர்ந்து இருக்கிறார்கள். கௌரி அங்கேயே ஒரு கடையில் ஜாக்கெட் தைக்கிறாள். வீட்டில் மூத்தவளைக் குரு என்கிறார்கள், அம்மா என்றும் கூப்பிடுகிறார்கள். மற்றவர்கள் எல்லாம் அவளுக்கு மகள்கள். அந்தக் குருவம்மா என் முகத்தைக்கூடப் பார்த்ததில்லை. ரத்தம் ஊற வேண்டும் என்று முருங்கைக்கீரை வதக்கித் தினமும் கொடுத்தனுப்பினாள். வேறொருத்தியை அம்மா என்கிறாளே என்று எனக்கு எரிச்சல்தான். ஆனாலும் கீரையைத் தின்றேன்.

ரத்தம் கொடுக்க ஆள் கூட்டி வரச் சொன்னார்கள். முரளி கொடுத்தான். கௌரியும் போனாள். போன வேகத்திலேயே திரும்பி வந்து கட்டில் ஓரம் உட்கார்ந்தாள்.

“இன்னா ஆச்சு?”

“எங்கள மாதிரி ஆளுங்ககிட்ட எடுக்கக் கூடாதுன்னு ரூலாம்மா. அந்தப் பையன் மேல தப்பில்ல. போர்டுல எழுதி வெச்சிருக்குது.”

“நான் குடுத்த ரத்தம்தான அது? எனக்கே திருப்பிக் குடுக்கறதுக்கு இன்னா ரூலு?”

அவள் சிரித்தாள். “கேட்டுட்டு வரட்டுமா?” கண் மட்டும் சிரிக்கவில்லை.

மறுநாள் அவளுடைய சிநேகிதி செல்வி வந்து ரத்தம் கொடுத்தாள். பொன்னேரிப் பக்கத்துப் பெண், ஸ்ரீசிட்டியில் கம்பெனி வேலை. இன்னொரு பெண்ணோடு குடும்பம் நடத்துகிறாளாம். எனக்குத் தலை சுற்றியது. ரத்தம் கொடுத்துவிட்டு பிஸ்கட் தின்றுகொண்டிருந்தவளிடம் கேட்டே விட்டேன்.

“நீயும் கௌரி மாதிரியா கண்ணு?”

“இல்லம்மா. நான் பொறந்ததுல இருந்து பொண்ணுதான், என்ன யாரும் ஆம்பளன்னு சொல்லல. எனக்குப் புடிச்சதும் ஒரு பொண்ணு. அவ்ளோதான் என் கத. கௌரி கத வேற. யார் மேல ஆசன்றது இல்ல, அவ யாருன்றதே அவ கத. ஆம்பள மேல ஆசப்படற ஆம்பளைங்களும் எங்க கூட்டத்துல கீறாங்க. அவங்க ஆம்பளைங்கதான், சேல கட்டணும்னு அவங்களுக்கு ஒண்ணும் இல்ல.”

“அப்புறம் எதுக்கு எல்லாரும் ஒண்ணா திரியறீங்க?”

செல்வி யோசித்தாள். “திருச்சானூர் ஷேர் ஆட்டோல போவீங்களே, அந்த மாதிரி. ஒருத்தர் கோயிலுக்கு, ஒருத்தர் லாட்ஜுக்கு, ஒருத்தர் வேலைக்கு. எறங்கற எடம் வேற வேற. ஆனா வழியில மத்த வண்டி எதுவும் எங்கள ஏத்தல. நிறுத்தனது இந்த ஆட்டோ ஒண்ணுதான்.”

“அதுலயும் எனக்குத்தான் பின்னாடி தொங்கற சீட்டு” என்றாள் கௌரி.

“நீ ஒசரம். தொங்கு.”

முனெம்மா சிரித்துச் சிரித்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு, “சிரிக்க வைக்காதீங்கடி, தையல் பிரியும்” என்றாள். அவளுக்கு அப்போது தையலே போட்டிருக்கவில்லை.

ஆபரேஷனுக்கு முந்தின நாள் காந்தா வந்தாள். ஆரஞ்சுப் பழமும் குங்குமமும் கொண்டு வந்தாள். கௌரி மாத்திரை வாங்கப் போன நேரம் பார்த்து என் கையைப் பிடித்தாள்.

“அண்ணி, கத்தி படறதுக்கு முன்னாடி வேஷத்த எறக்கிடு. ஒருக்கா, ஒரே ஒருக்கா சட்ட பேண்டு போட்டுக்கினு வந்து உன் முன்னாடி நிக்கச் சொல்லு. மஞ்சத் தண்ணிய அப்புறமா ஊத்திக்கலாம். புள்ள ரூபத்துல பாத்துட்டு உள்ள போ. இல்லன்னா எனக்கு பயமா கீது.”

அவள் கெட்டவள் இல்லை. எனக்கும் பயம். முதுகில் ஊசி போடுவார்களாம், இடுப்புக்குக் கீழே மரத்துப் போகுமாம், நினைவு இருக்குமாம், அறுப்பது மட்டும் தெரியாதாம். திரும்பி வருவேனா என்ற பயத்தில் மனிதர் எதைத்தான் நம்ப மாட்டார்?

கௌரி வந்ததும் கேட்டேன். அவள் மாத்திரை அட்டையைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். திட்டுவாள், அழுவாள் என்று எதிர்பார்த்தேன்.

“காலைல ஒரு தபா, அவ்ளோதான?”

“அவ்ளோதான்.”

“சரிம்மா. முரளிகிட்ட சட்ட கேக்கறேன்.”

காலையில் எனக்குப் பச்சை அங்கி மாட்டி, தாலியைக் கழற்றி வாங்கி, ஸ்ட்ரெச்சரில் படுக்க வைத்தார்கள். கௌரியைக் காணவில்லை. வார்டு வாசலில் கம்பிக் கதவு இருக்கிறது. அங்கே ஏதோ சத்தம்.

“ஜென்ட்ஸ் உள்ள வரக் கூடாது. போய்யா வெளிய” என்று காவல் அம்மா விரட்டிக்கொண்டிருந்தாள். கம்பிக்கு அந்தப் பக்கம் கௌரி. முரளியின் கட்டம் போட்ட சட்டை. முடியைச் சுருட்டித் தொப்பிக்குள் செருகியிருந்தாள். மூக்குத்தி இல்லை, பொட்டு இல்லை. தோளைக் குறுக்கி, தலையைத் தாழ்த்தி, இரண்டு கையையும் எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றாள்.

அந்த நிற்பு எனக்குத் தெரியும். பள்ளிக்கூடம் போன வருஷமெல்லாம் அப்படித்தான் வாசலில் நிற்பாள். கூச்ச சுபாவம் என்று சொல்லிக்கொண்டிருந்தோம். கூச்சம் இல்லை அது. தனக்குப் பொருந்தாததை மாட்டிக்கொண்டு, எப்போது அவிழ்க்கலாம் என்று காத்திருக்கிறவர் நிற்கிற நிற்பு. ஜாத்திரை வேஷத்தில் பசித்துக் களைத்த ஆண்கள் சாயங்காலம் ஆனால் இப்படித்தான் நிற்பார்கள்.

முனெம்மா கட்டிலில் எழுந்து உட்கார்ந்து கழுத்தை நீட்டிப் பார்த்தாள். வார்டு முழுக்கக் கேட்கிற மாதிரி, “ஏண்டி கௌரி! ஜாத்திரைக்கு இன்னும் நாள் கெடக்குதே, அதுக்குள்ள வேஷம் கட்டிக்கினு வந்துட்ட?” என்றாள்.

வார்டே சிரித்தது. கௌரி சிரிக்கவில்லை. நான் இருக்கிற பக்கம் பார்த்து, ‘பாத்துட்டியாம்மா, போதுமா’ என்கிற மாதிரி நின்றாள். ஸ்ட்ரெச்சரைத் தள்ள ஆரம்பித்தார்கள்.

“நிறுத்துங்க” என்றேன். “நர்சம்மா, அத உள்ள விடுங்க. என் பொண்ணு அது.”

நர்சம்மாவுக்குக் கோபம். “நேத்து சேலை கட்டிக்கிட்டு இருந்துச்சு, இன்னைக்கு இப்படி. இது ஆஸ்பத்திரியா, டிராமா கொட்டாயா?”

“அது மேல தப்பில்லம்மா. நான்தான் வேஷம் போட்டுக்கினு வரச் சொன்னேன்.”

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே தெரிந்தது.

“தியேட்டர்ல வெயிட் பண்றாங்க. மாத்திக்கிட்டு வரச் சொல்லுங்க, சீக்கிரம்” என்றார் நர்சம்மா. மாற்ற ஏது நேரம்? முனெம்மா தன் தலைமாட்டில் மடித்து வைத்திருந்த சேலையை எடுத்துக் கம்பிக் கதவுக்கு மேலே வீசினாள். “இந்தா, சுத்திக்கோ!” கௌரி சட்டை பேண்டுக்கு மேலேயே அந்த ஊதாச் சேலையைச் சுற்றிக்கொண்டு, தொப்பியைப் பிடுங்கி எறிந்துவிட்டு ஓடி வந்தாள். அவள் தோள் நிமிர்ந்துவிட்டது. தியேட்டர் கதவு வரை என் கையை விடவில்லை. கோவிந்தா கோவிந்தா என்று இரண்டு பேரும் சொல்லிக்கொண்டே போனோம்.

உள்ளே நடந்ததில் எழுத ஒன்றும் இல்லை. விளக்கு, குளிர், யாரோ டீயைப் பற்றிப் பேசியது. எடுத்த கர்ப்பப்பையை ஒரு தட்டில் வைத்து வெளியே இருப்பவர்களிடம் காட்டுவார்கள். முரளி பார்த்துவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டானாம். கௌரிதான் நின்று பார்த்திருக்கிறாள்.

வலி அடங்கின பிறகு கேட்டேன், “எப்படி இருந்துச்சு?”

“சின்னத் தேங்கா மாதிரி. நானும் முரளியும் அதுக்குள்ளதான இருந்தோம்? கும்பிட்டுக்கினேம்மா.”

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

பிறகு வந்த நாட்கள் எல்லாம் ஒரே மாதிரி. மூத்திரக் குழாய், டிரிப்ஸ், வாயு பிரிந்தால்தான் கஞ்சி. வாயு பிரிந்துவிட்டதா என்று ஊரே விசாரிக்கும் வெட்கம். இருமினால் உயிர் போகும், தலையணையை வயிற்றில் அழுத்திப் பிடித்து இரும வேண்டும், அதையும் கௌரிதான் பிடித்தாள். ஆபரேஷன் அரசாங்கக் கார்டில் நடந்தது. வெளியில் வாங்கின மருந்துக்குக் கன்றுக்குட்டி போயிற்று.

காந்தா பார்க்க வந்து உட்கார்ந்து, பெருமூச்சு விட்டாள். “இன்னா அண்ணி, பையே போயிட்டப்புறம் பொம்பளன்னு சொல்லிக்க இன்னா கீது?”

அவள் துக்கத்தில் சொன்னதுதான். என் வீட்டுக்காரரும் அப்போது வாசலில் இருந்தார். நான் என் உடம்பைக் கேட்டுப் பார்த்தேன். ஒரு உறுப்பு போய்விட்டது, வலி இருக்கிறது, களைப்பு இருக்கிறது. ஆனால் உள்ளே இருக்கிறவள் அதே சரோஜாதான். அவளை எந்தத் தட்டிலும் வைத்து வெளியே கொண்டு போகவில்லை.

“பொம்பளன்றது பையில இல்ல காந்தா” என்றேன். வேறு பேசத் தெம்பு இல்லை.

அன்றைக்குச் சாயங்காலம் ஆண்களை உள்ளே விடுகிற நேரத்தில் என் வீட்டுக்காரர் இட்லி வாங்கி வந்தார். எப்போதும் எனக்கு ஒரு பொட்டலம்தான் இருக்கும். அன்று இரண்டு இருந்தன. ஒன்றைக் கட்டில் கால்மாட்டில், கௌரி உட்காருகிற பக்கம் வைத்துவிட்டு, யாரையும் பார்க்காமல் போனார். கௌரி அதைப் பிரிக்காமல் ரொம்ப நேரம் மடியில் வைத்திருந்தாள்.

“துன்னுடி, ஆறிப் போவுது” என்றாள் முனெம்மா.

பரிசோதனை முடிவு வந்தது. புற்று இல்லை. டாக்டரம்மா அதைச் சாதாரணமாகச் சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார். நான் சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு அழுதேன். முனெம்மாவுக்கு அடுத்த வாரம் ஆபரேஷன். அவள் ஊதாச் சேலையைக் கௌரி துவைத்து இஸ்திரி போட்டுக் கொடுத்தாள். நீயே வைத்துக்கொள் என்று அவள் திருப்பித் தந்துவிட்டாள்.

வீட்டுக்கு அனுப்பின அன்று, நேராக ஊருக்குப் போகாமல் கங்கம்மா கோயிலுக்கு ஆட்டோ பிடிக்கச் சொன்னேன். வேண்டுதலைப் பாதியில் விட்டு எனக்குப் பழக்கமில்லை. வேஷம் இறங்கத்தான் வேண்டும். முரளியின் கட்டம் போட்ட சட்டையைக் கோயில் வாசல் ஓரத்தில் மடித்து வைத்தேன். “தாயே, போட்டுக்கொண்டிருந்த வேஷம் இது. இத்தனை வருஷம் ஆகிவிட்டது. இறக்கிவிட்டோம், ஏற்றுக்கொள்” என்றேன். முரளி மட்டும், “அது போன தீபாவளிக்கு எடுத்தது” என்று முணுமுணுத்தான்.

கௌரி ஊதாச் சேலையில் என் முன்னால் மண்டி போட்டு உட்கார்ந்தாள். சொம்பில் மஞ்சள் கரைத்து வைத்திருந்தேன். தூக்கப் போனேன், தையல் இழுத்தது. பாரம் தூக்கக் கூடாது. அப்படியே நின்றேன். முரளி கை நீட்டினான், ஆனால் பெற்றவர்கள்தான் ஊற்ற வேண்டும் என்பது வழக்கம்.

என் வீட்டுக்காரர் செருப்பை விட்டுவிட்டு வந்தார். சொம்பை எடுத்தார். ஒரு சொட்டு வீணாகாமல், மெதுவாக அவள் உச்சந்தலையில் ஊற்றினார். ஊற்றி முடித்துச் சொம்பைக் கீழே வைத்துவிட்டு, தோளில் கிடந்த துண்டை எடுத்து நீட்டினார்.

“தலையத் தொடச்சிக்கோம்மா. சளி புடிச்சிக்கும்.”

கௌரி துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள், தலையைத் துடைக்கவே இல்லை. நிற்க முடியாமல் நான் படியில் உட்கார்ந்தேன்.